ஆவாரங்கண்மாயில் ஓங்கிய கைகள்

ஆவாரங்கண்மாயில் மீன் பிடித்த அன்று சேவுகனை வெட்டுவதற்காக ஓங்கிய பதினோரு கைகளும், மூன்றாம் நாள் காலை பத்தேகால் மணிக்கு, வெட்டியவர்கள் குளித்து முழுகி அவரவர் வேலையைப் பார்த்துக்கொண்டிருந்தபோது, மறுபடியும் தாமாகவே மேலே எழும்பின. எழும்பியவை அதற்குப் பிறகு இறங்கவில்லை. மேலத்தெருப் பெரிய வீட்டுச் சோலையப்பன் அப்போது ரசத்துக்குச் சோறு பிசைந்துகொண்டிருந்தார். பிசைந்த சோற்றோடு அவர் கை தலைக்கு மேலே போய் நின்றது. அவருடைய தம்பி சைக்கிளில் போய்க்கொண்டிருந்தவன், வலது கை ஹேண்டில்பாரை விட்டு வானத்துக்குப் போனதில், சைக்கிளோடு ஓடைக்குள் விழுந்தான். தெருவின் கடைசி வீட்டுக்காரன் தன் மகளுக்குச் சடை பின்னிக்கொண்டிருந்தான். பிள்ளை சடையோடு மேலே தூக்கப்பட்டுக் கதறிய கதறலில் அடுப்படியிலிருந்து ஓடிவந்த தாய், மூடிக்கொண்ட அந்த விரல்களைப் பிரிக்க முடியாமல், கடைசியில் காய் நறுக்கும் கத்தியால் சடையை அறுத்துத்தான் பிள்ளையைக் கீழே இறக்க வேண்டியிருந்தது.

அதே பத்தேகால் மணிக்கு, முப்பது மைலுக்கு அந்தப் பக்கம் டவுனில், சிவப்பு விளக்கு எரியும் ஒரு சின்ன அறையில், தவசி என்பவன் ஒரு வெள்ளைத் தாளை மருந்துத் தண்ணீரில் போட்டு ஆட்டிக்கொண்டிருந்தான். தாளில் முதலில் ஒரு கை வந்தது. பிறகு இன்னொன்று. தண்ணீருக்கு அடியில் பதினோரு கைகளும் எந்த வரிசையில் ஒவ்வொன்றாக மேலெழுந்து கறுத்தனவோ, அதே வரிசையில்தான் ஊருக்குள்ளும் எழும்பின என்று பின்னால் கணக்குப் பார்த்தவர்கள் சொன்னார்கள்.

தவசி ஆவணப்படம் எடுக்கிறவன். பத்து வருடம் ஒரு ஸ்டூடியோவில் பாஸ்போர்ட் படமும் சடங்கு வீட்டுப் படமும், நாற்காலியில் சாய்த்துக் கட்டி உட்காரவைத்த பிணங்களின் படமும் எடுத்துவிட்டு, அதற்குப் பிறகு ஒரு பழைய மூவி கேமராவைத் தூக்கிக்கொண்டு செங்கல் சூளைக்கும் கல்குவாரிக்கும் போனவன். ஆனால் ஓடுகிற படத்தை அவன் முழுதாக நம்பியதில்லை. ஓடுகிற படத்தில் ஓங்கிய கை அடுத்த நொடியே இறங்கிவிடுகிறது, இறங்கியதைப் பார்த்தவர்கள் ஓங்கியதை மறந்துவிடுகிறார்கள், போட்டோவில் மட்டும்தான் கை ஓங்கியபடியே நிற்கிறது என்பான். அதனால் அவனுடைய ஆவணப்படங்கள் பாதிக்கு மேல் அசையாத போட்டோக்களால் ஆனவை. ஒரு போட்டோவைத் திரையில் அரை நிமிடம் நிறுத்தி வைப்பான், பார்க்கிறவர்கள் நாற்காலியில் நெளியும்வரை. வேலையில் அவனுக்கு ஒரு கட்டுப்பாடு இருந்தது. எடுக்கிறவனின் நிழல் படத்தில் விழக்கூடாது. ஸ்டூடியோவில் முதல் நாள் சொல்லிக் கொடுத்த அந்த விதியை அவன் எங்கேயும் மீறியதில்லை, ஆவாரங்கண்மாய்க்குப் போகும்வரை.

அங்கே அவன் மீனைப் படமெடுக்கத்தான் போனான். பங்குனியில் கண்மாய் வற்றியதும் சுற்றுப்பட்டு ஊர்களெல்லாம், அடி இல்லாத மூங்கில் கூடையான ஊத்தாவைத் தோளில் போட்டுக்கொண்டு, விடியுமுன்னே கரைக்கு வந்து நிற்கும். அந்த வருடம் மீனைக் குத்தகைக்கு எடுத்தவர் யாரோ அவர் கரைமேல் நின்று வெள்ளைத் துண்டை ஓங்கி வீச வேண்டும். வீசும்வரை ஒருவர் காலும் தண்ணீரில் படாது. வீசியபின் ஒருவர் காலும் கரையில் நிற்காது. எத்தனையோ காலமாகத் துண்டை வீசிய கைகள் மேலத்தெருக் கைகள்தான். அந்த வருடம் குத்தகை கிழக்குத்தெருச் சேவுகனுக்கு விழுந்தது. மீனை எடுத்துக்கொள், துண்டை மட்டும் நாங்கள் வீசுகிறோம் என்று மேலத்தெருவில் சொல்லி அனுப்பினார்கள். மீன் இல்லாவிட்டாலும் பரவாயில்லை, துண்டை நான் வீசிக்கொள்கிறேன் என்று சேவுகன் பதில் சொல்லி அனுப்பினான். சொன்னபடியே அவன் கரைமேல் ஏறி, புதிதாக வாங்கிய துண்டை ஓங்கி வீசினான். அந்த ஒரு கையசைவுக்கு நாலாயிரம் பேர் ஓவென்று கத்திக்கொண்டு கண்மாய்க்குள் இறங்கினார்கள். மேலத்தெரு ஆட்கள் மட்டும் இறங்கவில்லை. கொஞ்ச நேரம் கழித்து இறங்கினார்கள். அவர்கள் கையில் ஊத்தா இல்லை.

சேவுகன் சேற்றுக்குள் ஓடினான். முழங்கால் அளவு சேற்றில் யாராலும் ஓட முடியாது. ஓடியவனாலும் முடியவில்லை, விரட்டியவர்களாலும் முடியவில்லை. அதனால் அது மெதுவாக நடந்தது. அவன் ஒரு காலைப் பிடுங்கி ஒரு அடி வைப்பதற்குள் அவர்கள் ஒரு காலைப் பிடுங்கி ஒரு அடி வைத்தார்கள். இரண்டு பக்கத்திலும் மூச்சு வாங்கியது. இடையில் ஒருமுறை அவனும் அவர்களும் சேர்ந்து நின்று இளைப்பாறியதைப் பார்த்தவர்கள் இருக்கிறார்கள். பிறகு எட்டும் தூரத்துக்கு வந்துவிட்டார்கள். முதலில் துண்டு வீசிய கையைத்தான் வெட்டினார்கள். வெட்டப்பட்ட கை சேற்றில் விழுந்து, விரால் துள்ளுவது போல ஒரு துள்ளு துள்ளியது. சேவுகன் அந்தச் சேற்றிலேயே செத்தான். பக்கத்தில் மீன் பிடித்துக்கொண்டிருந்த வெளியூர்க்காரர்கள் ஊத்தாவைத் தூக்கிக்கொண்டு பத்தடி தள்ளிப் போய், அங்கே மறுபடியும் ஊத்தாவைக் கவிழ்த்தார்கள்.

தவசி இருபதடி தூரத்தில் இருந்தான். முன்னால் தலைகள் மறைத்தன. அவன் இரண்டு கைகளாலும் கேமராவைத் தலைக்கு மேலே தூக்கிப் பிடித்து, பார்க்காமலே, ஏழு முறை அமுக்கினான். ஆறு படங்களில் வானமும் சேறும் யாரோ ஒருவரின் முண்டாசும் மட்டுமே இருந்தன. ஏழாவதில் பதினோரு ஓங்கிய கைகள் இருந்தன. முகங்கள் எல்லாவற்றிலும் சேறு அப்பியிருந்ததால் எந்த முகமும் யாருடையது என்று தெரியவில்லை. நடுவில் சேவுகனின் தலை, வாய் திறந்தபடி. படத்தின் அடியில், சேற்றின் மேல், காலை வெயில் முதுகில் அடித்ததால் விழுந்த தவசியின் நிழல், இரண்டு கைகளையும் தலைக்கு மேலே ஓங்கியபடி.

படத்தைக் காயப்போட்டுவிட்டு டீ குடிக்க வெளியே வந்தபோதுதான் அவன் கவனித்தான். அவன் கைகள் தொங்கிக்கொண்டிருந்தன. தரையில் அவன் நிழல் இரண்டு கைகளையும் ஓங்கிக்கொண்டிருந்தது. கைகளைச் சட்டைப்பைக்குள் விட்டுப் பார்த்தான், பின்னால் கட்டிப் பார்த்தான். நிழலில் ஒரு மாற்றமும் இல்லை. டீ குடிக்காமல் உள்ளே போய்விட்டான். சாயங்காலம் மேகம் போட்ட பிறகு வெளியே வந்து ஒரு பெரிய கறுப்புக் குடை வாங்கினான்.

ஆவாரங்கண்மாயில் முதல் வாரம் அழுகையாக இருந்தது, இரண்டாவது வாரம் வைத்தியமாக இருந்தது, மூன்றாவது வாரம் பழகிவிட்டது. பெரிய ஆஸ்பத்திரியில் எலும்பு நன்றாக இருக்கிறது என்றார்கள். எண்ணெய் போட்டு இழுத்துப் பார்த்தவர் அந்தக் கையைப் பிடித்துத் தொங்கியே விட்டார், கை அசையவில்லை. சோலையப்பனின் கைக்குள் இருந்த சோறு புளித்து, நாறி, காய்ந்தது. எறும்புகள் அவர் விலாவில் ஏறி, அக்குளைக் கடந்து, கையின் உச்சிக்குப் போய்ச் சோற்றை இறக்கிக்கொண்டு வருவதற்கு ஒரு பாதையே போட்டுவிட்டன, பாதையில் தோல் கன்றிப்போயிருந்தது. தையல்காரர் வலது தோளில் பொத்தான் வைத்த சட்டைகளைத் தைத்தார். வாசல் நிலைகளை ஒரு முழம் உயர்த்திக் கட்டினார்கள். பஸ்ஸில் கண்டக்டர் அந்தப் பதினோரு பேருக்கும் கம்பியைப் பிடித்துக்கொள்ளுங்கள் என்று சொல்வதை விட்டுவிட்டார். தூங்கும்போதும் கை நட்டுக்குத்தாக நின்றது. விடியற்காலையில் காக்கைகள் வந்து உட்கார்ந்து எழுப்பின. கல்யாண வீட்டில் தோரணம் கட்டவும், முருங்கைக்காய் பறிக்கவும், கோயிலில் மணி அடிக்கவும் அவர்களைக் கூப்பிடுவது வசதியாக இருந்தது. ஐயனாருக்கு வேண்டுதல் என்று யாரோ ஒருவர் சொன்னார். சொன்னவர் யார் என்று மறந்துபோனது, வேண்டுதல் மட்டும் நிலைத்துவிட்டது.

வீட்டுப் பெண்களுக்குத்தான் பழக அதிக நாள் ஆனது. ஓங்கிய கைக்குக் கீழேயே அவர்கள் சோறு வடித்தார்கள், அதற்குக் கீழேயே பிள்ளைக்குப் பால் கொடுத்தார்கள், அதற்குக் கீழேயே படுத்தார்கள். சோலையப்பனின் மனைவி பொன்னழகு மட்டும் தண்ணீர் எடுக்கும் இடத்தில் சிரித்துக்கொண்டு சொன்னாள்: "இருபது வருசமா வாரத்துக்கு ஒருக்கா எம் மேல விழுந்த கை. இப்ப ஒரு மாசமா விழுகல. இருக்கட்டும், நிக்கட்டும்." சிரித்தவள் வீட்டுக்குப் போனபோது அவர் இடது கையால் அடித்தார். அதுவரை அந்தக் கைக்கு அடிக்கத் தெரியாது. அடித்து அடித்துப் பழகிக்கொண்டது.

தவசி படத்தின் ஒரு பிரதியையும் அதன் பிலிமையும் எடுத்துக்கொண்டு, மேகமாக இருந்த ஒரு நாளில், சேவுகனின் மனைவி பஞ்சவர்ணத்தைப் பார்க்கப் போனான். அவள் படத்தை வாங்கி, முதலில் புருஷனின் வாயைத் தொட்டாள். பிறகு கைகளை எண்ணினாள். அதற்குப் பிறகு அவனிடம் எத்தனை படம் எடுத்தீர்கள் என்று கேட்டாள்.

"ஏழு," என்றான் தவசி.

அவள் விரலை மடக்கி, ஒவ்வொரு மடக்கலுக்கும் ஒரு மூச்சு விட்டு, ஏழுவரை மெதுவாக எண்ணி முடித்தாள். அவன் பிலிமை நீட்டி, இதை நீதான் வைத்திருக்க வேண்டும் தங்கச்சி, என்னிடம் இருந்தால் எரித்துவிடுவார்கள் என்றான். அவள் அதைச் சேவுகனின் வெள்ளைத் துண்டு இருந்த பிஸ்கட் டப்பாவுக்குள் வைத்தாள்.

படம் ஒரு வாரப் பத்திரிகையின் அட்டையில் வந்தது. மறுநாள் போலீஸ் வரும், ஓங்கிய கைகளைப் பிடித்துப்போகும், அது பூப்பறிக்கிற மாதிரி சுலபமான வேலை என்று எல்லாருக்கும் தெரிந்திருந்தது. அதனால் அன்றைக்குச் சாயங்காலமே மேலத்தெரு கூடியது. அதிக நேரம் பேசவில்லை. மறுநாள் ஜீப் ஊருக்குள் நுழைந்தபோது, கண்மாய்க்கரையிலிருந்து கடைத்தெருவரை, பல் போன கிழவர்களும், மாவாட்டும் பெண்களும், மூக்கொழுகும் பிள்ளைகளும், ஆயிரத்து இருநூறு பேர் வலது கையை ஓங்கிக்கொண்டு நடமாடினார்கள். இன்ஸ்பெக்டர் ஜீப்பை விட்டு இறங்கவில்லை. ஊர் முழுக்க வேண்டுதல் சார் என்றார் சோலையப்பன், காய்ந்த சோற்றைப் பிடித்தபடி.

அதற்குப் பிறகு மேலத்தெருவில் பகல் முழுக்கக் கையை ஓங்கி வைத்துக்கொண்டு, இருட்டியதும் இறக்கிக்கொள்வது வழக்கமானது. பள்ளிக்கூடத்தில் யாருக்குப் பதில் தெரியும் என்று வாத்தியாரால் கண்டுபிடிக்க முடியவில்லை. கிராமசபையில் எல்லாத் தீர்மானங்களும் ஒருமனதாக நிறைவேறின. கண்மாய் மீன் இனி மேலத்தெருவுக்கே என்ற தீர்மானமும்.

பிலிமை எரித்தால் கை இறங்கிவிடும் என்று குறிசொல்லும் கோடாங்கி ஒருவன் சொல்லியிருந்தான். ஒரு மத்தியானம் பதினோரு பேரும் டவுனுக்குப் போனார்கள். தவசியின் அறைக் கதவை உதைத்துத் திறந்து, டப்பாக்களை நடுத்தெருவில் கொட்டி, பத்து வருடத்துச் சடங்கு வீடுகளையும் குவாரிகளையும் மண்ணெண்ணெய் ஊற்றி எரித்தார்கள். அவனை அடித்தார்கள். வலது கைகள் மேலேயே நிற்க, இடது கைகளால் அடித்தார்கள். தெருவில் நின்று பார்த்தவர்களுக்கு, பதினோரு பேர் ஏதோ சத்தியம் செய்துகொண்டே ஒருவனை அடிப்பதுபோல இருந்தது. தாடை எலும்பு முறிந்தது. வலது கையின் மூன்று விரல்களை வாசற்படியில் வைத்துக் கல்லால் நசுக்கினார்கள். பிலிம் எங்கே என்று ஒவ்வொரு அடிக்கும் கேட்டார்கள், அவன் சொல்லவில்லை. கிழக்குத்தெருவில் ஒரு வீட்டுக்குள் இருக்கும் என்று அவர்களுக்குத் தோன்றவே இல்லை. படித்தவன் ஒருவன் தன் பொருளை அந்த வீட்டில் கொடுத்து வைப்பான் என்பது அவர்கள் யோசிக்கக்கூடிய யோசனையாக இல்லை.

ஏழு வருடம் போனது. தவசி கோணிய தாடையோடும் மடங்காத விரல்களோடும் படமெடுத்துக்கொண்டே இருந்தான். சாக்கடையில் விஷவாயு தாக்கிச் செத்தவர்களை, குவாரியில் கல் விழுந்து நசுங்கியவர்களை, துப்பாக்கிச் சூடு நடந்த சந்தையில் சிதறிக்கிடந்த செருப்புகளை எடுத்தான். மேகமான நாட்களிலும் உச்சிப் பொழுதிலும் மட்டுமே எடுத்தான். அவன் படங்களில் சாய்ந்த வெயிலே இல்லை, நிழலைத் துடைத்தெடுத்த ஒரு வெளிச்சம் இருக்கிறது என்று பட்டணத்தில் எழுதினார்கள், பரிசுகளும் கொடுத்தார்கள். பரிசு வாங்கும் மேடைக்குக்கூடக் குடையோடு போகிறவன் என்று கேலி செய்தார்கள். அவன் சிரித்துவைத்தான். ஒவ்வொரு இடத்திலும் கேமராவைத் தூக்கும்போது அவனுக்குள் ஏழுவரை எண்ணும் ஒரு மூச்சுச் சத்தம் கேட்டது.

வழக்கு மட்டும் நகரவில்லை. சேறு அப்பிய முகத்தை எப்படி அடையாளம் கண்டாய் என்று எதிர்த்தரப்பு வக்கீல் பஞ்சவர்ணத்தைக் கேட்டார். கையை வைத்துச் சொல்கிறேன் என்றாள். ஊரே கையை ஓங்கிக்கொண்டுதானே நிற்கிறது என்றார் அவர். அப்போதுதான் அவள் நீதிபதியைப் பார்த்து, அந்த ஏழு வருடத்தில் முதல்முறையாக, யாரும் கேட்காத கேள்விக்குப் பதில் சொன்னாள்.

"ஓங்கின கை வலிக்கும்யா. ஒரு பகல் முழுக்க வெயில்ல நிக்கச் சொல்லுங்க. வலிக்கிற கையெல்லாம் எறங்கிரும். வலிக்காதது எதுன்னு அப்பப் பாருங்க."

நீதிபதி பேனாவை எடுத்தார். பிறகு, மேலத்தெரு முழுவதும் வற்றிய கண்மாய்க்குள் சூரிய உதயத்திலிருந்து அஸ்தமனம்வரை கையை ஓங்கி நிற்க வேண்டும், அதைத் துளி வெட்டு இல்லாமல் ஒரே படமாக எடுக்க வேண்டும், கேமராவை நகர்த்தவோ நிறுத்தவோ கூடாது, நிறுத்தினால் வழக்கு அத்தோடு முடிந்தது என்று உத்தரவு போட்டார். மேலத்தெரு சிரித்துக்கொண்டு ஒத்துக்கொண்டது. ஏழு வருடம் பழகிய கைகள். எடுப்பது யார் என்ற பேச்சு வந்தபோது, சோலையப்பனே எழுந்து சொன்னார்:

"அந்தப் படக்காரனே எடுக்கட்டும். ஆனா நாங்க நிக்கிற வரைக்கும் அவனும் நகராம நிக்கணும். எங்களுக்குக் குடை கெடையாது. அவனுக்கும் கெடையாது."

தவசி அன்றைக்கே கண்மாய்க்குப் போய்ப் பார்த்தான். எல்லாரையும் ஒரே பார்வையில் பிடிக்க மேற்குக் கரையைத் தவிர வேறு இடம் இல்லை. காலையில் சூரியன் எதிரே இருக்கும், நிழல் அவனுக்குப் பின்னால் விழும். மத்தியானத்துக்குப் பிறகு சூரியன் முதுகுப் பக்கம் வரும். நாலரை மணிக்கு அவன் நிழல் கரைச்சரிவில் இறங்கத் தொடங்கும். ஐந்தரைக்குப் படத்துக்குள் நுழைந்துவிடும். அவன் குச்சியை நட்டு அளந்து பார்த்தான். திரும்பத் திரும்ப ஐந்தரைதான் வந்தது. அதற்குள் மேகம் மூடிவிட வேண்டும் என்று, சாமி கும்பிடாதவன், அந்தக் கரையிலிருந்த ஐயனாரைப் பார்த்துக் கொஞ்ச நேரம் நின்றான்.

குறித்த நாள் விடிந்தது. ஒரு பகல் முழுக்க ஓடுகிற புதுக் கேமரா கரைமேல் நின்றது, அதன் மேல் தவசியின் இரண்டு கைகளும் இருந்தன. பக்கத்தில் கோர்ட் உத்தரவை நிறைவேற்ற வந்த அமீனா ஒரு நாற்காலியில். அந்தப் பக்கம் தரையில் பஞ்சவர்ணம், மடியில் பிஸ்கட் டப்பாவோடு. கீழே வெடித்துக் கிடந்த கண்மாய்க்குள் ஆயிரத்து இருநூறு கைகள், விளைந்த சோளக்காடு மாதிரி.

எட்டு மணிக்குப் பிள்ளைகளின் கைகள் இறங்கின. அப்பன்மார் இடது கையால் அறைந்து தூக்கிவிட்டார்கள், மறுபடியும் இறங்கின. பத்து மணிக்குக் கிழவர்கள் உட்கார்ந்தார்கள். பதினொரு மணிக்குச் சட்டைக்குள் குச்சி கட்டி வந்திருந்த நாற்பது பேரை அமீனா கண்டுபிடித்துக் குச்சிகளை உருவினார், அந்த நாற்பது கைகளும் முறிந்த கிளைகளாகத் தொங்கின. உச்சி வெயிலில் வாந்தி எடுத்தார்கள், மயங்கி விழுந்தார்கள், விழுந்தும் ஒருவன் கையை மட்டும் தூக்கிப் பிடித்துக்கொண்டு கிடந்தான். ஆண்கள் விழுந்துகொண்டே வந்தார்கள், பெண்கள் விழவில்லை. தலையில் குடம் வைத்து மைல் கணக்கில் நடந்த கைகள் அவை. இரண்டு மணிக்கு முந்நூறு கைகள் மிச்சம் இருந்தன, அதில் இருநூறு பெண்களுடையவை.

அப்போது பொன்னழகு தன் பக்கத்தில் நின்ற புருஷனைத் திரும்பிப் பார்த்தாள். வலிக்காத கையோடு அவர் பாட்டுக்கு நின்றுகொண்டிருந்தார். அவள் அவசரமில்லாமல் தன் கையை இறக்கி, முந்தானையால் கழுத்தைத் துடைத்துக்கொண்டாள்.

சோலையப்பன் பல்லைக் கடித்துக்கொண்டு, "தூக்குடி," என்றார்.

"ஏழு வருசமா இந்தக் கை எப்ப விழும் எப்ப விழும்னு அண்ணாந்து பாத்தே எங்கழுத்து ஒடிஞ்சுபோச்சு," என்றாள் பொன்னழகு. "உங்களுக்காகத் தூக்கினது போதும். நான் கஞ்சி காச்சணும்."

அவர் இடது கையால் அவளை அறைந்தார். அவள் கீழே விழுந்து, எழுந்து, உதட்டு ரத்தத்தைத் துப்பிவிட்டு, கண்மாயைக் கடந்து நடந்தாள். அவளுக்குப் பின்னால் இன்னொருத்தி கையை இறக்கினாள். பிறகு நாலு பேர். பிறகு அந்த இருநூறு கைகளும், காற்றில் கதிர் சாய்வதுபோல, ஒரு ஓரத்திலிருந்து மறு ஓரம்வரை இறங்கிக்கொண்டே போயின.

நாலரை மணிக்குப் பத்தொன்பது கைகள் மிஞ்சின. பதினொன்று இறங்காத கைகள், மற்ற எட்டும் சோலையப்பன் வீட்டு இளவட்டங்களுடையவை. அந்த எட்டுப் பேர் நடுங்கிக்கொண்டு, உதட்டைக் கடித்து ரத்தம் வர நின்றார்கள், ஆனால் நின்றார்கள். இப்போது நிறுத்தினால் வழக்கு முடிந்து பதினோரு பேரும் நிரபராதிகள் ஆவார்கள்; அஸ்தமனம்வரை அந்த எட்டுப் பேரும் நின்றுவிட்டால் வலிக்காத கை எது என்றே தெரியாமல் போகும். கரைச்சரிவில் தவசியின் நிழல் இறங்கத் தொடங்கியது.

ஐந்து மணிக்குக் கல் வந்தது. கையை இறக்கிவிட்ட ஆண்களுக்கு இப்போது இரண்டு கைகளும் இருந்தன. முதல் கல் அமீனாவின் நாற்காலியில் பட்டது, அவர் நாற்காலியோடு பின்னால் போய்விட்டார். இரண்டாவது தவசியின் முழங்காலில் பட்டது. மூன்றாவது நெற்றியில். ரத்தம் வலது கண்ணுக்குள் இறங்கியது. அவன் துடைக்கவில்லை, துடைக்கக் கையை எடுத்தால் கேமரா விழுந்துவிடும். அவன் தன் உடம்பைக் கேமராவின்மேல் கவிழ்த்து இரண்டு கைகளாலும் அணைத்துக்கொண்டான். கல் முதுகில் விழுந்தது, விலாவில் விழுந்தது, உள்ளே ஏதோ ஒன்று காய்ந்த சுள்ளி மாதிரி ஒடிந்தது. ஒரே ஒரு பொத்தானை அமுக்கினால் எல்லாம் நின்றுவிடும். நிழல் வெளியே தெரியாமலே போய்விடும், அவன் குடையோடு ஊர் போய்ச் சேரலாம். மணி ஐந்து இருபது. அவன் இடது கண்ணால் பார்த்துக்கொண்டே இருந்தான்.

ஐந்தரைக்கு நிழல் படத்துக்குள் நுழைந்தது. முதலில் ஓங்கிய இரண்டு கைகள் நுழைந்தன, பிறகு தலை. வெடித்த தரைமேல் அது நீண்டுகொண்டே போய்ப் பத்தொன்பது பேரின் காலடியை எட்டியது. கல் எறிந்தவர்கள் கரையைப் பார்த்தார்கள், தரையைப் பார்த்தார்கள். கரைமேல் ஒருவன் கேமராவைக் கட்டிப்பிடித்துக் குனிந்து நின்றான். தரையில் அவனுடைய நிழல் நிமிர்ந்து, இரண்டு கைகளையும் வெட்ட ஓங்கியதுபோல ஓங்கிக்கொண்டு நின்றது. கல் நின்றது. அந்த எட்டு இளவட்டங்களும் தங்கள் காலைத் தொட்ட நிழலையும், பக்கத்தில் நின்ற பதினோரு கைகளையும் மாறி மாறிப் பார்த்தார்கள். பார்த்துவிட்டு, இதோடு தாங்களும் சேர்ந்து நின்றால் தங்கள் கையும் இப்படியே நின்றுவிடும் என்று பயந்தவர்களைப் போல, ஒருவன் பின் ஒருவனாகக் கையை இறக்கி உடம்போடு ஒட்டிக்கொண்டார்கள்.

பஞ்சவர்ணம் எழுந்து நின்று எண்ணினாள். பதினொன்று எண்ணி முடித்து, தரையைப் பார்த்து, பன்னிரண்டாவது ஆளையும் எண்ணினாள். பிறகு தவசியைத் திரும்பிப் பார்த்தாள். சூரியன் விழும்வரை பார்த்துக்கொண்டே நின்றாள்.

கோர்ட்டில் அந்தப் படத்தை முழுதாக, ஒரு பகல் பூராவும், எல்லாரும் உட்கார்ந்து பார்த்தார்கள். கடைசியில் நீதிபதி, தரையில் கையை ஓங்கி நிற்கும் அந்தப் பன்னிரண்டாவது ஆள் யார் என்று கேட்டார். எதிர்த்தரப்பு வக்கீல் சந்தோஷமாக எழுந்தார், அவர் வாயைத் திறக்குமுன் தவசி எழுந்துவிட்டான்.

"என்னோட நெழலுங்கய்யா," என்றான்.

"சேவுகனை வெட்டிய அன்றைக்கு நீங்கள் என்ன செய்தீர்கள்?"

"ஏழு படம் எடுத்தேன்."

"அது குற்றம் இல்லையே."

"எனக்கு ரெண்டு கை இருந்துச்சுங்கய்யா. ரெண்டும் சும்மா இல்ல, கேமராவத் தூக்கிக்கிட்டு இருந்துச்சு. எட்டிப் புடிச்சிருந்தா ஒருத்தரையாவது புடிச்சிருக்கலாம்."

நீதிபதி சட்டப் புத்தகத்தைப் பார்த்தார், இதற்குப் பிரிவு ஒன்றும் இல்லை என்றார், அவனை உட்காரச் சொன்னார். பதினோரு பேருக்கும் ஆயுள் தண்டனை. அவர்களுக்கு விலங்கு மாட்டும்போது இடது கையை மட்டும்தான் மாட்ட முடிந்தது; வேனின் கூரை தாழ்வாக இருந்ததால், பதினோரு பேரையும் படுக்கவைத்துக் கொண்டுபோனார்கள்.

வெளியே நாலு மணி வெயில் சாய்ந்து அடித்தது. தவசியின் கையில் குடை இருந்தது, அவன் விரிக்கவில்லை. பஞ்சவர்ணம் வந்து பக்கத்தில் நின்று, அவன் முகத்தைப் பார்க்காமல் தரையைப் பார்த்தாள். அவன் நிழலில் இடது கை இறங்கி விலாவோடு ஒட்டித் தொங்கியது. பொத்தானை அமுக்கிய வலது கை மட்டும் தலைக்கு மேலேயே நின்றது.

"ஒரு கை எறங்கிருச்சுண்ணே," என்றாள்.

அவன் தலையாட்டினான். அவள் பிஸ்கட் டப்பாவை இடுப்பில் இடுக்கிக்கொண்டு பஸ்ஸுக்கு நடந்தாள். நாலடி போனவள் நின்று, மறுபடியும் தரையைப் பார்த்தாள்.

"மத்தது அப்படியே இருக்கட்டும்."